ஜாக்கி ராபின்சனுக்கு முன்னால் ஆடியவர்கள்: எந்தப் புத்தகத்தில் தொடங்குவது?

பழையபேப்பர்:

பேஸ்பால் விதிமுறை தெரியாதவர்களும் இந்த இழைக்கு வரலாம். ஆட்டத்தை விட ஆட்களைப் பற்றித்தான் பேசப்போகிறோம்.

1947 ஏப்ரல் 15 அன்று ப்ரூக்ளின் டாட்ஜர்ஸ் அணிக்காக ஜாக்கி ராபின்சன் களமிறங்கினார். இது பலருக்கும் தெரிந்த கதை. படம் வந்துவிட்டது, அவருடைய 42ஆம் எண்ணை இப்போது எந்த அணியும் புதிதாக யாருக்கும் தருவதில்லை. எனக்கு இதில் ஒரு மனத்தாங்கல் உண்டு. ராபின்சன் கதையை மட்டும் படிப்பவருக்கு, அதுவரை கறுப்பர்கள் வேலிக்கு வெளியே நின்று வேடிக்கை பார்த்தார்கள், ஒரு வெள்ளைக்கார முதலாளி மனமிரங்கிக் கதவைத் திறந்துவிட்டார் என்றுதான் தோன்றும். ஆனால் அவர் வருவதற்கு 60 வருடம் முன்பே கறுப்பர்களுக்கென்று தொழில்முறை அணிகள் இருந்தன. 1920இல் கான்சாஸ் சிட்டியில் ஒரு ஒய்எம்சிஏ கட்டடத்தில் உட்கார்ந்து சிகாகோவில் கறுப்பர் அணி நடத்திய ரூப் ஃபாஸ்டர், கறுப்பர் அணிகளுக்கான நீக்ரோ நேஷனல் லீக்கைத் தொடங்கினார். 1933 முதல் சிகாகோவின் கமிஸ்கி பார்க்கில் வருடாவருடம் கிழக்கு-மேற்கு நட்சத்திர ஆட்டம் நடந்தது. 1943 ஆட்டத்துக்கு 50,000 பேருக்கு மேல் வந்தார்கள்.

இந்த உலகத்துக்குள் நுழைய என் பரிந்துரை ராபர்ட் பீட்டர்சனின் 'ஒன்லி தி பால் வாஸ் ஒயிட்'. 1970இல் வந்தது. அவர் பத்திரிகையாளர். கறுப்பர்கள் நடத்திய வாரப் பத்திரிகைகளின் பழைய இதழ்களைப் புரட்டி, உயிரோடிருந்த ஆட்டக்காரர்களைத் தேடிப்போய்ப் பேசி எழுதியிருக்கிறார். எங்கேயும் கண்ணீர் வடிக்காத நடை. பின்னிணைப்பில் வருடவாரியாக லீக் நிலவரம், நட்சத்திர ஆட்டங்களின் ஸ்கோர், ஆட்டக்காரர்களின் பெயர்ப்பட்டியல். பின்னால் வந்த ஆராய்ச்சிகளில் பல விவரங்கள் திருத்தப்பட்டுவிட்டன, அது வேறு விஷயம்.

நீங்கள் படித்தவற்றைச் சொல்லுங்கள்.

டக்அவுட்:

ஒரு அடிப்படைச் சந்தேகம். கறுப்பர்கள் ஆடக்கூடாது என்று எழுத்தில் சட்டம் இருந்ததா?

பழையபேப்பர்:

பெரிய லீக்குகளில் (மேஜர் லீக்) எழுத்தில் கிடையாது. முதலாளிகளுக்குள் பேசிவைத்துக்கொண்ட ஏற்பாடுதான். கேட்டால் 'அப்படி ஒரு விதியே இல்லையே' என்று கைவிரிக்கலாம். பேஸ்பால் கமிஷனராக இருந்த நீதிபதி லாண்டிஸ் 1942இல் அப்படித்தான் சொன்னார். அவர் 1944இல் சாகும்வரை ஒரு கறுப்பர்கூட உள்ளே வரவில்லை.

இது எப்படித் தொடங்கியது என்று பார்க்க வேண்டுமானால் டேவிட் ஜாங் எழுதிய 'ஃப்ளீட் வாக்கர்ஸ் டிவைடட் ஹார்ட்' படியுங்கள். மோசஸ் ஃப்ளீட்வுட் வாக்கர் 1884இல் டொலிடோ அணிக்கு கேட்சர், அதாவது மட்டைக்காரருக்குப் பின்னால் நின்று பந்தைப் பிடிப்பவர். டொலிடோ ஆடிய அமெரிக்கன் அசோசியேஷன் அன்றைக்குப் பெரிய லீக். அதாவது ராபின்சனுக்கு 63 வருடம் முன்பே பெரிய லீக்கில் வெளிப்படையாக ஒரு கறுப்பர் ஆடியிருக்கிறார். (1879இல் வில்லியம் எட்வர்ட் வைட் ஒரே ஒரு ஆட்டம் ஆடியது பிற்பாடு தெரியவந்தது. அவர் வெள்ளையராகவே வாழ்ந்தவர்.)

கேட்சர் வேலை அந்தக் காலத்தில் கிட்டத்தட்ட வெறுங்கையில் செய்யும் வேலை. என்ன பந்து வரப்போகிறது என்று பந்து வீசும் பிட்சரும் கேட்சரும் சைகையில் பேசிக்கொள்வார்கள், இல்லையென்றால் விரல் போய்விடும். டொலிடோவின் நட்சத்திர பிட்சர் டோனி முல்லேன், ஒரு கறுப்பனின் சைகைக்கு நான் கட்டுப்படுவதா என்று பார்க்காமலேயே இஷ்டத்துக்கு வீசியிருக்கிறார். அவரே பின்னாளில் இதை ஒத்துக்கொண்டு, நான் பார்த்த கேட்சர்களில் வாக்கர்தான் தலைசிறந்தவர் என்றும் சொன்னார். அதே வருடம் ரிச்மண்ட் ஊருக்கு ஆடப் போவதற்குள் டொலிடோ மேனேஜருக்கு மிரட்டல் கடிதம் வந்தது. வாக்கர் மைதானத்தில் இறங்கினால் 75 பேர் சேர்ந்து தாக்குவோம் என்று.

1887 ஜூலையில் கீழ்மட்ட லீக்கான இன்டர்நேஷனல் லீக்கின் முதலாளிகள் இனிமேல் கறுப்பர்களோடு புது ஒப்பந்தம் போடுவதில்லை என்று வாக்கெடுத்தார்கள். அதன் பிறகு கதவு மெல்ல மெல்லச் சாத்தப்பட்டது. வாக்கரின் பிற்கால வாழ்க்கை இன்னும் சிக்கலானது. சிரக்யூஸில் ஒரு வெள்ளையரைக் கத்தியால் குத்திய வழக்கில் முழுக்க வெள்ளையர்களே இருந்த ஜூரி அவரை விடுதலை செய்தது. அப்புறம் தபால் திருட்டில் சிறை. 1908இல் கறுப்பர்கள் ஆப்பிரிக்காவுக்கே திரும்பிவிட வேண்டும் என்று ஒரு சிறு புத்தகம் எழுதி வெளியிட்டார். ஜாங் இதையெல்லாம் பூசி மெழுகவில்லை. எனக்குப் பிடித்தது அதுதான்.

ஸ்கோர்கார்டு:

பீட்டர்சன் நல்ல புத்தகம், மறுக்கவில்லை. ஆனால் புதிதாக வருபவர்களுக்கு ஒரு எச்சரிக்கை. இந்தத் துறையில் பாதிப் புத்தகங்கள் கதை கேட்டுக் கதை எழுதியவை. நீக்ரோ லீக்கின் புகழ்பெற்ற கேட்சர் ஜாஷ் கிப்சன் ஏறக்குறைய 800 ஹோம் ரன் அடித்தார் என்று, பேஸ்பால் சாதனையாளர்களைக் கௌரவிக்கும் ஹால் ஆஃப் ஃபேமில் இருக்கும் அவருடைய பலகையிலேயே செதுக்கி வைத்திருக்கிறார்கள். பழைய ஸ்கோர் விவரங்களைத் தோண்டி எடுத்து எண்ணிப் பார்த்தால் லீக் ஆட்டங்களில் 200க்கும் குறைவு.

அதற்காக கிப்சன் குறைந்துபோய்விடவில்லை. 2020 டிசம்பரில் மேஜர் லீக் பேஸ்பால் நிர்வாகம், 1920 முதல் 1948 வரை நடந்த ஏழு நீக்ரோ லீக்குகளும் பெரிய லீக்குகளே என்று அறிவித்தது. 2024 மேயில் அந்தப் புள்ளிவிவரங்கள் அதிகாரபூர்வப் பதிவேட்டில் சேர்ந்தன. பழைய வெள்ளையர் நட்சத்திரம் டை காப் சுமார் நூறு வருடமாக வைத்திருந்த வாழ்நாள் பேட்டிங் ஆவரேஜ் (மட்டை பிடித்ததில் எத்தனை பங்கு வெற்றிகரமாக அடித்தார் என்ற விகிதம்) சாதனை, .367, போய்விட்டது. இப்போது முதலிடத்தில் கிப்சன், .372. இது கதையில்லை. சீம்ஹெட்ஸ் என்ற இணையத் தரவுத்தளத்துக்காகப் பல வருடம் பழைய பத்திரிகைகளின் நுண்படச் சுருளைப் பார்த்துக் கண்ணைக் கெடுத்துக்கொண்ட ஆராய்ச்சியாளர்களின் உழைப்பு.

என் பரிந்துரை ஜெரமி பியர் 2019இல் எழுதிய ஆஸ்கர் சார்ல்ஸ்டன் வாழ்க்கை வரலாறு. இண்டியானாபொலிஸில் பிறந்து, பதினைந்து வயதிலேயே ராணுவத்தில் சேர்ந்து, பிலிப்பைன்ஸுக்குப் போய், திரும்பி வந்து சென்டர் ஃபீல்டில் நின்றவர். முரடர், எப்போதும் அடிதடி என்று பேர் எடுத்தவர். அந்தப் பேர் எங்கிருந்து வந்தது, எவ்வளவு உண்மை என்று ஒவ்வொன்றாகச் சரிபார்க்கிறார் பியர். வாழ்க்கை வரலாறு என்றால் அப்படி இருக்க வேண்டும்.

தேனருவி:

ஸ்கோர்கார்டு சார், நீங்கள் சொல்வதில் பாதிதான் சரி. கதை கேட்டு எழுதியவர்கள் இல்லாவிட்டால் உங்கள் ஆராய்ச்சியாளர்கள் யாருடைய பெயரைத் தேடியிருப்பார்கள்?

ஜான் ஹோல்வே 1975இல் 'வாய்சஸ் ஃப்ரம் தி கிரேட் பிளாக் பேஸ்பால் லீக்ஸ்' வெளியிட்டார். டேப் ரிக்கார்டரைத் தூக்கிக்கொண்டு வயதான ஆட்டக்காரர்களைச் சந்தித்துப் பதிவு செய்த பேட்டிகள். ஒவ்வொரு அத்தியாயத்திலும் ஒரு ஆள் தன் குரலிலேயே பேசுகிறார். பஸ்ஸிலேயே தூங்கியது, ஓட்டலில் உள்ளே உட்கார விடாமல் பின்வாசலில் பொட்டலம் கட்டிக் கொடுத்தது, ஒரே நாளில் இரண்டு ஊரில் ஆடியது எல்லாம் எந்த ஸ்கோர் கார்டிலும் இருக்காது. அவர்களில் பெரும்பாலானோர் அடுத்த சில வருடங்களில் இறந்துவிட்டார்கள். ஹோல்வே இன்னும் பத்து வருடம் தாமதித்திருந்தால் அந்தப் பேச்சும் போயிருக்கும்.

பக் ஓநீல் சுயசரிதை, 'ஐ வாஸ் ரைட் ஆன் டைம்', 1996இல் வந்தது. கான்சாஸ் சிட்டி மோனார்க்ஸ் என்ற கறுப்பர் அணியில் முதல் பேஸ் இடத்தில் ஆடி, மேனேஜரும் ஆனவர். 1962இல் சிகாகோ கப்ஸ் அவரைப் பயிற்சியாளராக எடுத்தபோது பெரிய லீக்கின் முதல் கறுப்பினப் பயிற்சியாளர் அவர்தான். அவர் கசந்து பேசவே மாட்டார். சிலருக்கு அது எரிச்சலாகக்கூட இருக்கும், எனக்கும் சில பக்கங்களில் இருந்தது. ஆனால் 2006இல் ஒரு சிறப்புக் குழு 17 பேரை ஹால் ஆஃப் ஃபேமுக்குத் தேர்ந்தெடுத்துவிட்டு ஓநீலை விட்டுவிட்டது. அந்த 17 பேரில் ஒருவர்கூட அப்போது உயிரோடில்லை. அவர்கள் சார்பில் மேடையேறிப் பேசியது யார் என்கிறீர்கள்? 94 வயது ஓநீலேதான். கூட்டத்தையே கைகோக்க வைத்துப் பாடவும் வைத்தார். அதே அக்டோபரில் இறந்தார். அவரைச் சேர்த்துக்கொண்டது 2022இல்.

ஸ்கோர்கார்டு:

கதையே வேண்டாம் என்று நான் சொல்லவில்லை அக்கா. கதையையும் கணக்கையும் தனித்தனியாக வைத்துப் படிக்க வேண்டும் என்கிறேன். நீக்ரோ லீக் ஆட்டக்காரர் கூல் பாப்பா பெல் எவ்வளவு வேகமானவர் என்றால், விளக்கை அணைத்துவிட்டு அறை இருட்டாவதற்குள் படுக்கைக்குப் போய்விடுவாராம். இதை எத்தனை புத்தகத்தில் அச்சடித்திருக்கிறார்கள்!

தேனருவி:

நல்ல உதாரணம்தான் எடுத்தீர்கள். பெல் அதை நிஜமாகவே செய்திருக்கிறார்! அவரே பின்னாளில் சொன்ன விளக்கம் இது. அவர்கள் தங்கிய ஓட்டல் அறையில் சுவிட்ச் பழுது. தட்டினால் கொஞ்ச நேரம் கழித்துத்தான் விளக்கு அணையும். அது தெரிந்துகொண்டு புகழ்பெற்ற பிட்சர் சாச்சல் பேஜிடம் பந்தயம் கட்டி, தட்டிவிட்டு, நிதானமாக நடந்துபோய்ப் படுத்தார். பேஜ் அதை ஊர் ஊராகச் சொல்லிப் பரப்பினார், சுவிட்ச் பழுதானதை மட்டும் விட்டுவிட்டு.

இன்னொன்று. ஸ்கோர் விவரமே முழுமையில்லையே? வெள்ளையர் நாளிதழ்கள் இந்த ஆட்டங்களுக்கு நிருபரை அனுப்பியது அபூர்வம். பிட்ஸ்பர்க் கூரியர், சிகாகோ டிஃபெண்டர் போன்றவை வாரப் பத்திரிகைகள். வெளியூரில் ஆடிய அணி யாராவது தபாலில் அனுப்பினால்தான் ஸ்கோர் வரும். அச்சாகாத ஆட்டத்தை எப்படி எண்ணுவீர்கள்?

ஸ்கோர்கார்டு:

எண்ண முடியாது, ஒத்துக்கொள்கிறேன். அந்த 800க்கும் இதுவே விளக்கம். லீக் ஆட்டங்கள் ஒரு சீசனுக்குப் பொதுவாக 60, 80தான். வருமானம் வந்தது மற்ற நாட்களில்தான். சின்னச் சின்ன ஊர்களில் உள்ளூர் அணிகளோடு, சில சமயம் வெள்ளையர் நட்சத்திர அணிகளோடு, எல்லாம் சேர்த்து வருடத்துக்கு 150, 200 ஆட்டம்கூட ஆடினார்கள். குளிர்காலத்தில் கியூபா, மெக்சிகோ, புவேர்ட்டோ ரீக்கோ. அங்கே அடித்த ஹோம் ரன்கள் லீக் கணக்கில் வராது. ஆக இரண்டு எண்ணும் வேறுவேறு விஷயத்தை எண்ணுகின்றன. சார்ல்ஸ்டன் புத்தகத்தில் பியர் இதைப் பிரித்துக் காட்டுகிறார், அதனால்தான் அதைச் சொன்னேன்.

நியூஜெர்சிவாசி:

நடுவில் புகுந்ததற்கு மன்னிக்கவும். நான் இருப்பது பேட்டர்சன் பக்கம். இங்கே ஹின்ச்லிஃப் ஸ்டேடியம் என்று ஒன்று உண்டு. நியூயார்க் பிளாக் யாங்கீஸின் சொந்த மைதானமாக இருந்தது. நான் வந்தபோது கான்கிரீட் படிக்கட்டு இடுக்கெல்லாம் மரம் முளைத்துக் கிடந்தது. பழுதுபார்த்து 2023இல் திறந்தார்கள். அமெரிக்கன் லீக்கில் ஆடிய முதல் கறுப்பரான லாரி டோபி வளர்ந்தது இந்த ஊரில்தான்.

இதுவரை எல்லாரும் ஆட்டக்காரர்களைப் பற்றியே பேசுகிறீர்கள். முதலாளிகளைப் பற்றிய புத்தகம்தான் எனக்கு விஷயத்தைப் புரியவைத்தது. நீல் லாங்டாட், 2004, 'நீக்ரோ லீக் பேஸ்பால்'. தடிமனான ஆராய்ச்சி நூல், நாவல் மாதிரி ஓடாது. ஆனால் மைதான வாடகை, டிக்கெட் வசூல், ஆட்டங்களை ஏற்பாடு செய்த வெள்ளையர் ஏஜென்டுகளின் கமிஷன் எல்லாம் அதில் இருக்கிறது. யாங்கீ ஸ்டேடியத்தையும் வாஷிங்டனின் கிரிஃபித் ஸ்டேடியத்தையும் கறுப்பர் அணிகளுக்கு வாடகைக்கு விட்டுக் காசு பார்த்தவர்கள்தான் கறுப்பர்களைத் தங்கள் அணியில் சேர்க்காமலும் இருந்தார்கள். வாடகை போய்விடுமே!

நூவர்க் ஈகிள்ஸை நடத்திய எஃபா மேன்லி இங்கே முக்கியமானவர். 2006இல் தேர்வான அந்த 17 பேரில் ஒருவர், ஹால் ஆஃப் ஃபேமில் இடம்பெற்ற ஒரே பெண். அவர் அணியிலிருந்து டான் நியூகாம்பை டாட்ஜர்ஸின் தலைவர் பிராஞ்ச் ரிக்கி எடுத்துக்கொண்டபோது ஒரு சல்லிக்காசு தரவில்லை. ராபின்சன் அதற்குமுன் ஆடிய மோனார்க்ஸுக்கும் தரவில்லை. உங்கள் ஒப்பந்தமெல்லாம் ஒப்பந்தமே இல்லை என்றார். மேன்லி விடவில்லை, வாய்விட்டுக் கேட்டார். டோபியை 1947இல் கிளீவ்லாண்ட் அணியின் முதலாளி பில் வெக் எடுத்தபோது 15,000 டாலர் வந்தது. அதுவும் ஒரு வெள்ளையர் என்றால் லட்சம் கொடுத்திருப்பீர்கள் என்று அவரிடமே சொன்னதாக வரலாறு.

1946இல் ஈகிள்ஸ் நீக்ரோ உலகத் தொடரையே வென்ற அணி. அந்த வருடம் சுமார் 1,20,000 பேர் பார்க்க வந்தார்கள். அடுத்த வருடம் அதில் பாதிகூட இல்லை, எல்லாரும் ராபின்சனைப் பார்க்க ப்ரூக்ளினுக்கு ரயில் ஏறிவிட்டார்கள். 1948 முடிவில் அணியையே விற்றுவிட்டார். ஈகிள்ஸ் ஆடிவந்த லீக்கும் அத்தோடு காலி. பாப் லூக் எழுதிய மேன்லி வாழ்க்கை வரலாறு 2011இல் வந்தது, லாங்டாட் கனமாக இருந்தால் அதைப் படியுங்கள்.

பழையபேப்பர்:

அருமை. இதைத்தான் நான் எதிர்பார்த்தேன். ரிக்கியின் துணிச்சலைப் பாராட்டும் புத்தகங்கள் அந்தக் காசு விவகாரத்தை ஒரு வரியில் கடந்துவிடும்.

டக்அவுட்:

பெண் ஆட்டக்காரர்களும் இருந்தார்களாமே?

தேனருவி:

மூன்று பேர். டோனி ஸ்டோன், மேமி ஜான்சன், கானி மார்கன். 1953இல் இண்டியானாபொலிஸ் க்ளவுன்ஸ் டோனி ஸ்டோனை இரண்டாவது பேஸில் இறக்கியது. அதற்கு முந்தைய வருடம்தான் ஹாங்க் ஆரன் என்ற பொடியன் (பின்னாளில் ஹோம் ரன் சாதனை படைத்தவர்) அதே அணியிலிருந்து கிளம்பிப் போயிருந்தான். கூட்டம் குறைந்துபோன காலம், பெண் ஆடினால் டிக்கெட் விற்கும் என்பதுதான் முதலாளியின் கணக்கு. பாவாடை கட்டி ஆடச் சொன்னார்கள், முடியாது என்றுவிட்டார். மார்த்தா ஆக்மேன் எழுதிய 'கர்வ்பால்', 2010. ஆட்டக்காரர்களில் பலர் அவரைச் சேர்த்துக்கொள்ளவில்லை என்பதையும் ஒளிக்காமல் எழுதியிருக்கிறார்.

மழைநாள்ஆட்டம்:

எல்லாரும் படித்தவர்களாக இருக்கிறீர்கள், நான் ஒரே ஒரு புத்தகத்துக்காக வந்தேன். குவின்சி ட்ரூப் எழுதிய '20 இயர்ஸ் டூ சூன்'. 1977இல் தானே பணம் போட்டு அச்சடித்தது. கேட்சர், மேனேஜர், குத்துச்சண்டைக்காரர். அமெரிக்காவில் ஆடாத ஊரில்லை, மெக்சிகோவிலும் வெனிசுவேலாவிலும் ஆடினார். கடைசியில் 1952இல் கிளீவ்லாண்ட் கூப்பிட்டபோது வயது 39. ஆறே ஆட்டம், அதோடு அனுப்பிவிட்டார்கள். தலைப்பைத் திரும்பப் படியுங்கள்.

எடிட்டர் கை படாத புத்தகம். ஒரே விஷயம் திரும்பத் திரும்ப வரும். பரவாயில்லை, அவர் எங்கே சாப்பிட்டார், என்ன சம்பளம் வாங்கினார் என்று எழுதுவது எந்தப் பேராசிரியருக்கும் வராது. கையில் ஒரு மூவி கேமராவும் வைத்திருந்தார். அவர் எடுத்த கலர்ப் படச்சுருள்தான் நீக்ரோ லீக் ஆட்டக்காரர்களைக் கலரில் காட்டும் அரிய பதிவுகளில் ஒன்று.

இப்படி வயது போன பின் வாசலுக்கு வந்தவர்கள் நிறைய. ரே டாண்ட்ரிட்ஜ் மூன்றாவது பேஸில் மந்திரம் போட்டவர். நியூயார்க் ஜயன்ட்ஸ் 1949இல் ஒப்பந்தம் செய்து கீழ்மட்ட மினியாபொலிஸ் அணியில் வைத்தது. 1950இல் அந்த லீக்கின் மிகச் சிறந்த ஆட்டக்காரர் விருதே வாங்கினார். அடுத்த வருடம் அதே அணியிலிருந்து 20 வயது வில்லி மேஸை மேலே கூப்பிட்டார்கள். 37 வயது டாண்ட்ரிட்ஜைக் கூப்பிடவில்லை. ஒரு வாரமாவது கூப்பிட்டிருக்கக் கூடாதா என்று பல வருடம் கழித்து முதலாளியிடமே கேட்டார். 1987இல் ஹால் ஆஃப் ஃபேம்.

வில்லர்ட் ப்ரவுன் கதை இன்னும் மோசம். 1947இல் செயின்ட் லூயிஸ் ப்ரவுன்ஸ் எடுத்தது. ஆகஸ்ட் 13 அன்று சக ஆட்டக்காரர் ஜெஃப் ஹீத்தின் மட்டையை எடுத்துப்போய் ஹோம் ரன் அடித்தார். அமெரிக்கன் லீக்கில் ஒரு கறுப்பர் அடித்த முதல் ஹோம் ரன். திரும்பி வந்தபோது ஹீத் அந்த மட்டையை அவர் கண்முன்னாலேயே சுவரில் அடித்து உடைத்தார். அந்த மாதமே ப்ரவுனை விடுவித்துவிட்டார்கள்.

டக்அவுட்:

அடப்பாவி.

நியூஜெர்சிவாசி:

பத்து வயதுப் பிள்ளைக்கு ஏதாவது உண்டா? என் மகனுக்கு வாக்கர் கதையெல்லாம் கொடுக்க முடியாது.

தேனருவி:

கதிர் நெல்சனின் 'வீ ஆர் தி ஷிப்'. 2008இல் வந்தது, ஓவியமும் எழுத்தும் அவரே. தலைப்பு ரூப் ஃபாஸ்டர் சொன்ன வாக்கியத்திலிருந்து. வயதான ஆட்டக்காரர் ஒருவர் 'நாங்கள்' என்று பேசுவது போலவே முழுப் புத்தகமும் போகும். முகங்களைத் தாழ்வான கோணத்திலிருந்து வரைந்திருப்பார், ஒவ்வொருவரும் மலை மாதிரி நிற்பார்கள். பையனுக்கென்று வாங்கி நீங்களே வைத்துக்கொள்வீர்கள்.

ஸ்கோர்கார்டு:

மறக்கப்பட்டவர்கள் என்று இழை போட்டுவிட்டு ஜான் டொனால்ட்சனை இன்னும் யாருமே சொல்லவில்லை. மிசூரிக்காரர், இடக்கை பிட்சர். பல இனத்தவரும் சேர்ந்து ஆடிய 'ஆல் நேஷன்ஸ்' என்ற, ஊர் ஊராகச் சுற்றி ஆடும் அணியில் ஆடினார். லீக் தொடங்கிய 1920க்குள் அவருடைய நல்ல காலம் பாதி முடிந்துவிட்டது. அதனால் பதிவேட்டில் பெயர் மெலிதாகத்தான் இருக்கும். மினசோட்டாவைச் சேர்ந்த ஆர்வலர்கள் சிலர் ஒவ்வொரு குக்கிராம நூலகத்துக்கும் எழுதிப்போட்டு உள்ளூர்ப் பத்திரிகைகளைத் தேடவைத்தார்கள். 400க்கு மேல் வெற்றி, 5,000 ஸ்ட்ரைக்அவுட் (பந்து வீசியே மட்டைக்காரரை வெளியேற்றுவது) என்று ஆவணத்தோடு சேர்த்துவிட்டார்கள். மினசோட்டாவின் கறுப்பர் பேஸ்பால் பற்றிய 'ஸ்விங்கிங் ஃபார் தி ஃபென்சஸ்' தொகுப்பில் (2005) அவரைப் பற்றி நல்ல கட்டுரை இருக்கிறது.

தேனருவி அக்கா கேட்ட 'அச்சாகாத ஆட்டத்தை எப்படி எண்ணுவது' என்ற கேள்விக்கு இது ஓரளவு பதில். அச்சாகியிருக்கிறது, நாம் தேடாத ஊரில்.

பழையபேப்பர்:

டொனால்ட்சன் அடக்கமானது சிகாகோ பக்கத்தில் பர் ஓக் கல்லறையில், பெயர்ப்பலகைகூட இல்லாமல். பியோரியாவைச் சேர்ந்த மயக்க மருந்து டாக்டர் ஒருவர் 2004 வாக்கில் நன்கொடை திரட்டி அவருக்கும் ஜிம்மி க்ரட்ச்ஃபீல்டுக்கும் கல் வைத்தார். அப்புறம் அதுவே ஒரு திட்டமாகி, பல ஊர்களில் தொடர்ந்து வைக்கிறார்கள். கிப்சனுக்கே பிட்ஸ்பர்க்கில் 1975 வரை கல் கிடையாது, அவர் இறந்தது 1947 ஜனவரியில், 35 வயதில். ராபின்சன் களமிறங்க மூன்று மாதம்கூட இல்லை.

டக்அவுட்:

டொனால்ட்சன் ஹால் ஆஃப் ஃபேமில் இருக்கிறாரா?

ஸ்கோர்கார்டு:

இல்லை. 2021 டிசம்பரில் 16 பேர் கொண்ட குழு வாக்களித்தது. 12 வாக்கு வேண்டும். பக் ஓநீலுக்கு 13, 19ஆம் நூற்றாண்டுக் கறுப்பர் ஆட்டக்காரர் பட் ஃபௌலருக்கு சரியாக 12, இருவரும் உள்ளே போனார்கள். ஹோம்ஸ்டெட் க்ரேஸை நடத்திக் கோப்பை மேல் கோப்பை வாங்கிக் கொடுத்த மேனேஜர் விக் ஹாரிஸுக்கு 10. டொனால்ட்சனுக்கு 8. 2024இல் இருவர் பெயரும் மறுபடி வந்தது, அப்போதும் தேறவில்லை. பிட்சர் டிக் ரெட்டிங்கும் இன்னும் வெளியில்தான்.

மழைநாள்ஆட்டம்:

ட்ரூப் புத்தகம் பழைய பதிப்பு யானை விலை. பிறகு ஒரு மறுபதிப்பு வந்தது, அதைத் தேடுங்கள். மெக்ஃபார்லண்ட் பதிப்பகத்தின் வாழ்க்கை வரலாறுகளும் நம் ஊருக்குக் கட்டுப்படியாகாது, மின்நூலாக வாங்கினால் கொஞ்சம் குறையும். பீட்டர்சன் மட்டும் மலிவு அட்டைப் பதிப்பாகப் பழைய புத்தகக் கடைகளில்கூட அகப்படும்.